நடுவர் யார்?
பல்கலைக்கழகப் பேரவைத் தேர்தல் வழக்குகள் குறித்துக் குன்றாண்டார்கோவிலில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவு



சட்டம் பற்றிப் பேச வருகிற வழக்கறிஞர் பட்டா, பாகப்பிரிவினை, வாரிசுச் சான்றிதழ் என்று பேசுவார் என எதிர்பார்த்து வந்திருப்பீர்கள். நான் பல்கலைக்கழகத் தேர்தல் வழக்குகளை எடுத்துக்கொண்டிருக்கிறேன். அது நமக்கு எட்டாத சங்கதி என்று யாரும் எண்ண வேண்டாம். இந்த ஒன்றியத்தில் பட்டதாரி இல்லாத தெருவை இன்று தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும். அவர்களில் மிகப் பலர் வைத்திருக்கும் சான்றிதழில் 1982இல் தொடங்கப்பட்ட பாரதிதாசன் பல்கலைக்கழகத்தின் முத்திரை இருக்கிறது. தேர்வுக் கட்டணம் எவ்வளவு, எந்தக் கல்லூரிக்கு இணைவு, எந்தப் பாடம் தொடரும், எது நிற்கும் என்று முடிவு செய்யும் அவைகளில் யார் உட்கார்ந்திருக்கிறார்கள்? அவர்களை அங்கே அனுப்பியது யார்? நம் பிள்ளைகளுக்காகக் கட்டணம் கட்டுகிற நாம் இந்தக் கேள்வியை ஒருநாளும் கேட்டதில்லை.

நம் பல்கலைக்கழகங்களின் அமைப்பைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். மேலே வேந்தர்; வழக்கமாக ஆளுநர். இணைவேந்தர் உயர்கல்வி அமைச்சர். அன்றாட நிர்வாகம் துணைவேந்தரிடம். அவருக்குப் பக்கத்தில் ஆட்சிக்குழு, அதாவது சிண்டிகேட். பெரிய அவை ஆட்சிப் பேரவை, அதாவது செனட். இந்த அவைகளில் சிலர் பதவி வழியாக வருவார்கள், சிலர் நியமனத்தால் வருவார்கள், மற்றவர்கள் தேர்தலில் வென்று வருவார்கள். கல்லூரி முதல்வர்கள், ஆசிரியர்கள், சட்டமன்ற உறுப்பினர்கள் தத்தமக்குள் தேர்ந்தெடுப்பார்கள். பல பல்கலைக்கழகங்களில் பதிவுபெற்ற பட்டதாரிகள் என்றொரு தொகுதியும் உண்டு. அங்கே படித்துப் பட்டம் பெற்று, தம் பெயரைப் பதிவேட்டில் ஏற்றிக்கொண்டவர்கள் அதில் வாக்களிக்கலாம். நியமனத்துக்கு ஆணை ஒன்று போதும். தேர்தல் என்றால் பட்டியல் வேண்டும், தேதி வேண்டும், எண்ணிக்கை வேண்டும். தகராறு வந்தால் தீர்க்க நடுவரும் வேண்டும். நம் சட்டங்கள் சறுக்குவது இந்தக் கடைசி இடத்தில்தான்.

மும்பையில் நடந்ததைச் சொல்கிறேன். அங்கே பல்கலைக்கழகச் செனட்டில் பட்டதாரிகளுக்குப் பத்து இடங்கள். முந்தைய செனட்டின் காலம் 2022இல் முடிந்துவிட்டது. 2023 செப்டம்பரில் தேர்தல் என்று அறிவித்து, வாக்காளர் பட்டியல் பற்றிய புகாரின் பேரில் ஆகஸ்டிலேயே நிறுத்தினார்கள். பட்டியலைப் புதிதாகத் தயாரித்து, 2024 செப்டம்பர் 22 ஞாயிற்றுக்கிழமை வாக்குப்பதிவு என்று நாள் குறித்தார்கள். வாக்காளர் சுமார் 13,000 பேர். வேட்பாளர்கள் பிரசாரத்தை முடித்திருந்த வெள்ளிக்கிழமை, அரசு சொன்னதாகக் காரணம் காட்டி, பல்கலைக்கழகம் தேர்தலை மறுபடியும் நிறுத்தியது. வேட்பாளர்கள் பம்பாய் உயர் நீதிமன்றத்துக்கு ஓடினார்கள். சனிக்கிழமை விடுமுறை நாளில் சிறப்பு அமர்வு கூடி, நிறுத்திவைத்த உத்தரவுக்குத் தடை விதித்து, தேர்தலை நடத்தச் சொன்னது. 24ஆம் தேதி செவ்வாய்க்கிழமை வாக்குப்பதிவு நடந்தது. பத்து இடங்களையும் யுவசேனா அணி வென்றது.

யார் வென்றார்கள் என்பதில் எனக்கு அக்கறை இல்லை. இரண்டு ஆண்டு காலம் ஒரு பழைய பல்கலைக்கழகத்தின் பட்டதாரிகளுக்குச் செனட்டில் வாயே இல்லாமல் போனது. ஒரு சனிக்கிழமை நீதிபதிகள் கூடியிருக்காவிட்டால் அது இன்னும் நீண்டிருக்கும். ஒரு தேர்தல் நடப்பதும் நடக்காததும் அப்படி ஓர் அதிர்ஷ்டத்தை நம்பி இருக்கலாமா?

இந்த நோய் நேற்று வந்ததில்லை. 1904இல் கர்சன் பிரபு கொண்டுவந்த இந்தியப் பல்கலைக்கழகச் சட்டம் கல்கத்தா, பம்பாய், சென்னைப் பல்கலைக்கழகங்களின் செனட்டை 100 பேருக்குள் அடக்கியது. அதில் தேர்தலுக்கு விட்டது 20 இடங்கள் மட்டுமே. அந்த இருபதிலும் பாதிதான் பதிவுபெற்ற பட்டதாரிகளுக்கு. மிகப் பெரும்பான்மை இடங்களை வேந்தர் நியமிப்பார். அந்தப் புதிய அமைப்பை நிறுவ வேந்தர்கள் வெளியிட்ட அறிவிக்கைகள் சட்டப்படி செல்லுமா என்ற ஐயம் உடனே எழுந்தது. பம்பாய் உயர் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தார்கள். அரசு என்ன செய்தது தெரியுமா? தீர்ப்புக்குக் காத்திருக்கவில்லை. 1905 பிப்ரவரியில் செல்லுபடியாக்கும் சட்டம் ஒன்றை நிறைவேற்றி, செய்ததெல்லாம் செல்லும் என்று அறிவித்துவிட்டது. வைஸ்ராயின் சட்ட சபையில் கோகலே எழுந்து அதை எதிர்த்தார். அவர் பக்கம் நியாயம் இருந்தது, எண்ணிக்கை இல்லை. நீதிமன்றத்தில் இருக்கும் வழக்கை ஒரு சட்டத்தால் முடித்துவைக்கும் வழக்கம் அன்றைக்கே நம் பல்கலைக்கழகங்களுக்குள் நுழைந்துவிட்டது.

பட்டதாரியின் வாக்குக்கு நம் மண்ணிலும் ஒரு வரலாறு உண்டு. திருமயத்தில் 1887இல் பிறந்த தீரர் சத்தியமூர்த்தி 1920களில் சென்னைச் சட்டசபைக்குள் போனது பல்கலைக்கழகத் தொகுதியின் வழியாக. பட்டதாரிகள் போட்ட வாக்குதான் பிரிட்டிஷ் ஆட்சியின் அமைச்சர்களை அவர் நேருக்கு நேர் கேள்வி கேட்க இடம் பிடித்துக் கொடுத்தது. இந்த மாவட்டத்தின் இன்னொரு பெருமை முத்துலட்சுமி ரெட்டி. புதுக்கோட்டை மன்னர் கல்லூரியில் முதல் மாணவியாகச் சேர்ந்தவர், 1912இல் சென்னையில் மருத்துவப் பட்டம் பெற்றார்.

அவர் பட்டம் பெறுவதற்குச் சில ஆண்டுகளுக்கு முன் பிரிட்டனில் நடந்த வழக்கு ஒன்றை மாணவியர் கேட்க வேண்டும். ஸ்காட்லாந்துப் பல்கலைக்கழகங்களின் பட்டதாரிகளுக்கு நாடாளுமன்ற உறுப்பினரைத் தேர்ந்தெடுக்கும் உரிமை இருந்தது. பட்டம் பெற்ற பெண்களும், வாக்குரிமைக்கு அடிப்படையான பல்கலைக்கழகப் பொதுக்குழுவில் உறுப்பினர்கள்தான். ஆனால் 1906 தேர்தலில் அவர்களுக்கு வாக்குச்சீட்டு தரவில்லை. ஐந்து பெண் பட்டதாரிகள் வழக்காடினார்கள். 1908இல் பிரபுக்கள் சபையின் முன் கிரிஸ்டல் மக்மில்லன் என்ற பெண் தாமே எழுந்து நின்று வாதிட்டார். சட்டத்தில் உள்ள ‘நபர்’ என்ற சொல்லுக்குள் பெண் அடங்கமாட்டாள் என்று தீர்ப்பு வந்தது. தோற்றார்கள். பத்தே ஆண்டுகளில் அங்கே சட்டமே மாறியது. 1927இல் முத்துலட்சுமி ரெட்டி சென்னைச் சட்டசபையில் துணைத்தலைவர் நாற்காலியில் அமர்ந்தார்.

இனிச் சட்டத்துக்கு வருகிறேன். கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள்; இது விளங்கினால் மற்றதெல்லாம் விளங்கும்.

இந்தியாவின் முதல் பொதுத் தேர்தல். சேலம் மாவட்டம் நாமக்கல் தொகுதியில் சென்னைச் சட்டமன்றத்துக்குப் போட்டியிட்ட பொன்னுசாமி என்பவரின் வேட்புமனுவைத் தேர்தல் அதிகாரி தள்ளுபடி செய்தார். அவர் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுப் போட்டார், அது ஏற்கப்படவில்லை. உச்ச நீதிமன்றம் போனார். 1952 ஜனவரியில் நீதிபதி ஃபசல் அலி எழுதிய தீர்ப்பு வந்தது: அறிவிக்கை தொடங்கி முடிவு அறிவிக்கும் வரை எல்லாம் சேர்ந்ததே தேர்தல், நடுவில் நீதிமன்றம் கை வைக்காது, எல்லாம் முடிந்தபின் தேர்தல் மனுவாகக் கொண்டுவாருங்கள். அரசியலமைப்பின் 329ஆம் பிரிவு அப்படித்தான் கட்டளையிடுகிறது. அது நல்ல தீர்ப்பு. ஒவ்வொரு வேட்பாளரும் ஒவ்வொரு தடை உத்தரவு வாங்கினால் நாட்டில் தேர்தலே நடக்காது.

329ஆம் பிரிவு நாடாளுமன்றத்துக்கும் சட்டமன்றத்துக்கும் உரியது. பல்கலைக்கழகம் அதற்குள் வராது. ஆனாலும் நீதிமன்றங்கள் அதே கட்டுப்பாட்டைக் கூட்டுறவுச் சங்கம், வழக்கறிஞர் மன்றம், பல்கலைக்கழகம் என்று எல்லாத் தேர்தலுக்கும் தாமாகவே விரித்துக்கொண்டன. குஜராத் பல்கலைக்கழக வழக்கில் 1987இல் உச்ச நீதிமன்றம் அதைத் தெளிவாகச் சொன்னது. அங்கே பல்கலைக்கழகப் பேரவைத் தேர்தலை உயர் நீதிமன்றம் ரத்து செய்திருந்தது. தேர்தல் தகராறைத் தீர்க்கச் சட்டமே ஓர் இடத்தைக் காட்டியிருந்தால் முதலில் அங்கே போங்கள். அசாதாரணமான சூழ்நிலை இருந்தாலொழிய உயர் நீதிமன்றம் ரிட் மனுவை எடுக்கக் கூடாது என்றது உச்ச நீதிமன்றம். குஜராத் சட்டம் காட்டிய இடம் எது? மாநில அரசு!

நம் சட்டங்களைப் பாருங்கள். தமிழ்நாட்டுப் பல்கலைக்கழகச் சட்டங்களில் ஒரு பிரிவு வழக்கமாக இருக்கும். ஒருவர் முறைப்படி தேர்ந்தெடுக்கப்பட்டாரா, நியமிக்கப்பட்டாரா, உறுப்பினராக இருக்கத் தகுதியுள்ளவரா என்ற கேள்வி எழுந்தால் அதை வேந்தருக்கு அனுப்ப வேண்டும். அவர் முடிவே இறுதியானது. அவர் எத்தனை நாளில் முடிவு செய்ய வேண்டும்? யாரை விசாரிக்க வேண்டும்? சாட்சி உண்டா, வாக்குச்சீட்டைத் திறந்து பார்ப்பாரா? சட்டமன்றத் தேர்தல் மனுவுக்கு இருக்கிற விரிவான நடைமுறையில் இங்கே கால்வாசிகூட இல்லை. அதே பேரவைக்குச் சில உறுப்பினர்களை நியமிப்பவரும் வேந்தர்தான் என்பதைச் சேர்த்துப் பாருங்கள்.

இதைக் குன்றாண்டார்கோவிலில் வைத்துச் சொல்வதற்குக் காரணம் உண்டு. இந்த ஊராட்சி ஒன்றியத்தில் ஒரு வார்டில் தோற்ற வேட்பாளர், எண்ணிக்கையில் தவறு நடந்தது என்று நினைத்தால் எங்கே போவார்? தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 1994 அவரை மாவட்ட நீதிபதியிடம் அனுப்புகிறது. புதுக்கோட்டை நீதிமன்றத்தில் தேர்தல் மனுப் போடலாம், சாட்சிக் கூண்டில் ஏறலாம், குறுக்கு விசாரணை செய்யலாம். வார்டு உறுப்பினருக்குச் சட்டம் தந்திருக்கும் இந்த நடுநிலையான நீதிபதி, முனைவர் பட்டம் பெற்ற பேராசிரியருக்குக் கிடையாது. இதை மாற்ற எந்த அரசும் முன்வரவில்லை என்பதை நான் வெட்கக்கேடு என்றே சொல்வேன்.

வேந்தரே தகராறில் ஒரு தரப்பாக மாறும்போது என்ன நடக்கும் என்பதைக் கேரளம் காட்டியது. துணைவேந்தர் தேடுதல் குழுவுக்குக் கேரளப் பல்கலைக்கழகச் செனட் தன் பிரதிநிதியை அனுப்ப மறுத்தது. 2022 அக்டோபரில் வேந்தரான ஆளுநர் ஆரிப் முகமது கான் 15 செனட் உறுப்பினர்களை ஒரே வீச்சில் நீக்கினார். 2023 மார்ச்சில் உயர் நீதிமன்றம் அந்த உத்தரவை ரத்து செய்தது. பிறகு வேந்தர் நியமித்த நான்கு மாணவப் பிரதிநிதிகளின் நியமனத்தையும் 2024 மே மாதம் ரத்து செய்தது. இவை நியமன வழக்குகள். தேர்தல் வழக்குகளோடு அப்படியே ஒட்டிவைக்க முடியாது. ஆனால் உறுப்பினரை நீக்கும் கைதான், உறுப்பினர் தகுதி பற்றிய வழக்கையும் விசாரிக்கும் கை. அது ஆளுநராக இருந்தாலும் சரி, நாளை முதலமைச்சரே வேந்தராக வந்தாலும் சரி, என் மறுப்பு ஒன்றுதான்.

தமிழ்நாட்டில் அண்மையில் நடந்த பெரிய வழக்கு உங்களுக்குத் தெரியும். 2025 ஏப்ரல் 8 அன்று உச்ச நீதிமன்றம், ஆளுநர் நிறுத்திவைத்த பத்து மசோதாக்களுக்கு ஒப்புதல் கிடைத்ததாகவே கொள்ள வேண்டும் என்றது. அவற்றில் பெரும்பாலானவை பல்கலைக்கழகங்கள் பற்றியவை. மே 21 அன்று சென்னை உயர் நீதிமன்றம், துணைவேந்தர் நியமன அதிகாரத்தை அரசுக்கு மாற்றிய பிரிவுகளுக்கு இடைக்காலத் தடை விதித்தது. துணைவேந்தரை ஆளுநர் நியமிப்பதா, அரசு நியமிப்பதா என்று நாடே பேசியது. அந்தத் துணைவேந்தர் பதில் சொல்ல வேண்டிய அவைக்குத் தேர்தல் ஒழுங்காக நடக்கிறதா என்று ஒரு தலையங்கமும் நான் படிக்கவில்லை.

வழக்காடும் பட்டதாரியின் நிலையை நினைத்துப் பாருங்கள். பேரவை உறுப்பினரின் காலம் நம் சட்டங்களில் மூன்று ஆண்டு. அவருடைய வேட்புமனுவைப் பதிவாளர் தவறாகத் தள்ளுபடி செய்துவிட்டார் என்று வைத்துக்கொள்வோம். நம் மாவட்டத்துக்கு உரிய மதுரை அமர்வில் ரிட் மனுப் போடுகிறார். மாற்று வழி இருக்கிறது, வேந்தரிடம் போங்கள் என்று அனுப்பிவிடுகிறார்கள். வேந்தர் அலுவலகம் பல்கலைக்கழகத்திடம் விளக்கம் கேட்கும். பல்கலைக்கழகம் தன் வழக்கறிஞரிடம் கேட்கும். ஒருவழியாக முடிவு வந்தால், அதை எதிர்த்து மறுபடியும் ரிட், பின் மேல்முறையீடு. அதற்குள் மூன்று ஆண்டு ஓடிவிடும். பதவிக்காலமே முடிந்துவிட்டது, வழக்கு பயனற்றுப்போனது என்று ஒரு வரியில் கட்டை முடித்துவைப்பார்கள். இதற்கிடையில் அந்த அவை எடுத்த முடிவுகளோ செல்லும். உறுப்பினர் தேர்வில் குறை இருந்தது என்பதால் மட்டும் அவையின் நடவடிக்கை செல்லாமல் போகாது என்று சட்டத்தில் இன்னொரு பிரிவு இருக்கிறது. அந்தப் பிரிவு தேவைதான். இல்லாவிட்டால் கொடுத்த பட்டமெல்லாம் ஆட்டம் காணும். ஆனால் இரண்டு பிரிவுகளும் சேர்ந்து, தவறு செய்தவருக்கு மூன்று ஆண்டு நிம்மதியைக் கொடுத்துவிடுகின்றன.

அப்படியானால் நீதிமன்றம் எப்போது உள்ளே வரலாம்? 2000இல் உச்ச நீதிமன்றம், தேர்தல் ஆணையம் சம்பந்தப்பட்ட அசோக் குமார் வழக்கில் நல்லதொரு அளவுகோலைத் தந்தது. தேர்தலை நிறுத்தவும் தாமதிக்கவும் கேட்டால் நீதிமன்றம் ஒதுங்கி நிற்க வேண்டும். தேர்தல் ஒழுங்காக நடந்து முடிய உதவும் உத்தரவு என்றால் தரலாம். மும்பையில் சனிக்கிழமை நடந்தது இந்த இரண்டாம் வகை.

இந்த வழக்குகளின் உள்ளே போய்ப் பார்த்தால், முக்கால்வாசி வாக்காளர் பட்டியலில்தான் தொடங்குகின்றன. இறந்தவர் பெயர் இருக்கும். இருப்பவர் பெயர் இராது. ஒரே ஆள் இரண்டு முகவரியில் இருப்பார். தபால் வாக்கு நடைமுறை உள்ள இடங்களில், வீடு மாறியவரின் உறை ‘முகவரியில் இல்லை’ என்ற குறிப்போடு திரும்பிவரும். பெண்களுக்கு இன்னொரு தொல்லை. பட்டச் சான்றிதழில் அப்பாவின் முதலெழுத்து, ஆதார் அட்டையில் கணவரின் முதலெழுத்து. இரண்டும் பொருந்தவில்லை என்று, வாக்குச்சீட்டோடு அனுப்பும் உறுதிமொழித் தாள் நிராகரிக்கப்படும். அந்த ஓர் எழுத்துக்காகப் போகிற வாக்குகள் வெற்றியையே மாற்றிவிடக் கூடும்.

எண்ணும் முறையும் எளிதில்லை. பல பல்கலைக்கழகங்களில் ஒற்றை மாற்று வாக்கு முறை. முத்திரை குத்தக் கூடாது. வேட்பாளர் பெயருக்கு எதிரே 1, 2, 3 என்று விருப்ப வரிசையை எழுத வேண்டும். பத்து இடங்களுக்கு 1,100 செல்லத்தக்க வாக்குகள் விழுந்தால், பதினொன்றால் வகுத்து ஒன்றைக் கூட்டுவார்கள். 101 வாக்கு எடுத்தவர் வென்றவர். அதற்கு மேல் அவருக்கு விழுந்தவை அடுத்த விருப்பத்துக்கு மாறும். கடைசியில் இருப்பவர் நீக்கப்பட்டு அவர் கட்டும் பிரிக்கப்படும். 1 என்ற எண்ணைப் போடாமல் ‘டிக்’ அடித்த சீட்டு செல்லாது. இரண்டு பெயருக்கு 1 போட்ட சீட்டும் செல்லாது. நான் சொல்வதை வைத்து அஞ்ச வேண்டாம். சிறுபான்மைக் கருத்துக்கும் இடம் தருகிற மிக நேர்மையான முறை இது. ஆனால் எந்தச் சுற்றில் எந்தக் கட்டு எங்கே போனது என்று எழுதிவைக்காத பல்கலைக்கழகத்தில், தோற்றவருக்கு ஐயம் வராமல் என்ன செய்யும்?

எல்லோரும் பார்க்க எழுதிவைப்பது நமக்குப் புதிதில்லை. இந்த ஊர் மலையைக் குடைந்த கோயிலில் பல்லவ மன்னன் நந்திவர்மன் பெயர் தாங்கிய கல்வெட்டு இருக்கிறது. கொடை கொடுத்தவரும் கொடுத்த பொருளும் வருவோர் போவோர் எல்லாம் பார்க்கும் பாறையில் வெட்டப்பட்டன. உத்திரமேரூரில் பராந்தக சோழன் காலத்தில், 919இலும் 921இலும், குடவோலைத் தேர்வின் விதிகளையும் கோயில் சுவரில்தான் வெட்டினார்கள். முன்பு வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவர் மறுபடி நிற்க முடியாது என்பதும் அந்தச் சுவரில் இருக்கிறது. அந்த முறையில் இன்று நாம் ஏற்க முடியாதவை பல உண்டு. நிலம் உடைய, வேதம் கற்ற ஆண்களுக்கு மட்டுமே இடம். ஆனாலும் விதி வெளிச்சத்தில் இருந்தது. இன்றைய பட்டதாரிப் பதிவேடு பதிவாளர் அலுவலக அலமாரிக்குள் இருக்கிறது.

பஞ்சாப் பல்கலைக்கழகத்தைச் சொல்லாமல் முடிக்கக் கூடாது. 1882இல் லாகூரில் பிறந்து, பிரிவினைக்குப் பின் சண்டிகருக்கு வந்து வேரூன்றியது அது. பட்டதாரிகள் பல மாநிலங்களில் வாக்களித்து 15 பேரைச் செனட்டுக்கு அனுப்புவார்கள். கொரோனா காலத்தில் தள்ளிப்போன தேர்தல் வழக்குகளுக்குப் பிறகு 2021இல் நடந்தது. அந்தச் செனட்டின் காலம் 2024 அக்டோபர் 31இல் முடிந்தது. ஓராண்டு வரை தேர்தல் இல்லை. 2025 அக்டோபர் 28 அன்று ஒன்றியக் கல்வி அமைச்சகம் ஓர் அறிவிக்கை வெளியிட்டது: 91 பேர் கொண்ட செனட் 31 ஆகச் சுருங்கும், பட்டதாரிகள் தொகுதியே கிடையாது. மாணவர் கொதித்தெழுந்தார்கள், ஆசிரியரும் விவசாயச் சங்கத்தினரும் உடன் நின்றார்கள். பத்தே நாளில், நவம்பர் 7 அன்று, அமைச்சகம் அறிவிக்கையைத் திரும்பப் பெற்றது. போராட்டம் அதோடு நிற்கவில்லை. தேர்தல் தேதி வரும்வரை மாணவர் அமர்ந்திருந்தார்கள். 2026 செப்டம்பர், அக்டோபரில் தேர்தல் நடத்த வேந்தர் நவம்பர் இறுதியில் ஒப்புதல் அளித்தார். அந்த வேந்தர் குடியரசுத் துணைத்தலைவர் சி.பி. ராதாகிருஷ்ணன், நம் திருப்பூர்க்காரர்.

தேர்தலைத் தள்ளிவைக்கும் பழக்கத்துக்கு நீங்களும் சாட்சிகள்தாம். 2019 டிசம்பரில் நீங்கள் தேர்ந்தெடுத்த ஊராட்சிப் பிரதிநிதிகளின் காலம் 2025 ஜனவரி 5இல் முடிந்து, தனி அலுவலர்கள் பொறுப்புக்கு வந்தார்கள். ஊராட்சிக்காவது ஐந்தாண்டு என்ற அரசியலமைப்புக் கட்டளை இருக்கிறது. கேட்க ஒரு பிடி இருக்கிறது. பல்கலைக்கழகப் பேரவைக்கு அந்தப் பிடியும் இல்லை.

என் கோரிக்கையை அரசுக்கும் சட்டமன்ற உறுப்பினர்களுக்கும் வைக்கிறேன். பல்கலைக்கழகத் தேர்தல் தகராறுகளை வேந்தரிடமிருந்து எடுத்து, ஊராட்சித் தேர்தலுக்கு இருப்பதுபோல் மாவட்ட நீதிபதியிடம் கொடுங்கள். தொண்ணூறு நாளில் தீர்க்கச் சொல்லுங்கள். பதவிக்காலம் முடியுமுன் அடுத்த தேர்தல் நடந்து முடிய வேண்டும் என்று சட்டத்திலேயே எழுதுங்கள். பட்டதாரிப் பதிவேட்டை ஆண்டுதோறும் திருத்தி எல்லோரும் பார்க்க வெளியிடுங்கள்.

உங்களிடமும் ஒன்று கேட்கிறேன். உங்களுக்குப் பட்டம் தந்தது எந்தப் பல்கலைக்கழகமாக இருந்தாலும், அதன் பதிவாளருக்குத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் ஒரு மனு எழுதுங்கள். கட்டணம் பத்து ரூபாய், பதில் தர வேண்டிய காலம் முப்பது நாள். பேரவையில் பட்டதாரிகளுக்கு எத்தனை இடம், கடைசித் தேர்தல் எப்போது நடந்தது, பதிவேட்டில் எத்தனை பேர், என் பெயரைச் சேர்க்க என்ன செய்ய வேண்டும் என்று கேளுங்கள். மாதிரி மனுவை மேசையில் வைத்திருக்கிறேன். பட்டச் சான்றிதழின் நகலோடு இன்றே எழுதுபவர்களுக்கு நானே உடனிருந்து உதவுகிறேன்.